நடவு வயலைப் படம் எடுப்பது எப்படி: உருபோங் ரக்சாசாடிடம் நான் கற்றது

நடவு பின்னால் நகர்ந்துகொண்டே செய்கிற வேலை. வயலைப் படம் எடுக்கப் போகிறவர் முதலில் தெரிந்துகொள்ள வேண்டியது இதுதான். குனிந்து நாற்றை ஊன்றுவார்கள், ஒரு எட்டு பின்னால் வைப்பார்கள், மறுபடி ஊன்றுவார்கள். ட்ரைபாட்டை எந்த வரப்பில் வைப்பது என்று முதல் நாற்று சேற்றில் இறங்கும் முன்பே முடிவு செய்திருக்க வேண்டும். அவர்கள் ஆரம்பிக்கிற வரப்பில் வைத்தால் முகங்கள் மெல்ல விலகிப் போகும், பச்சை உங்கள் காலடியில் தொடங்கி விரிந்துகொண்டே போகும். எதிர் வரப்பில் வைத்தால் ஏழெட்டு முதுகுகள் உங்களை நோக்கி வரும். நான் முதல் நாள் எதிர் வரப்பில் வைத்தேன். மூன்று மணி நேரத்துக்கு முதுகுதான் கிடைத்தது.

பாங்காக்கில் பதினோரு வருடமாக எடிட்டராக இருக்கிறேன். ஹோட்டல் விளம்பரம், சோப்பு விளம்பரம், கம்பெனி ஆண்டு விழா வீடியோ, இவைதான் சோறு. மனைவி வடக்கே பயாவ் மாகாணத்துக்காரர். அவருடைய அம்மாவை எல்லோரும் போல நானும் 'மே' என்று கூப்பிடுகிறேன், அம்மா என்று பொருள். அவர் ஆறு ராய் நிலத்தில் நெல் போடுகிறார். ஒரு ராய் என்பது 1,600 சதுர மீட்டர், ஆக நம் கணக்கில் 2 ஏக்கர் 37 சென்ட். அந்த வயலில் ஒரு போகம் முழுக்கக் கேமராவோடு உட்கார்ந்தேன். உட்காரலாம் என்கிற தைரியம் ஒருவருடைய படங்களைப் பார்த்து வந்தது. அதனால் அவரைப் பற்றிச் சொல்லிவிட்டு வயலுக்கு வருகிறேன்.

யார் இவர்

உருபோங் ரக்சாசாட். பெயரைப் பார்த்து மிரள வேண்டாம். தாய்லாந்துப் பெயர்களைக் கொஞ்சம் தட்டினால் உள்ளே வடமொழி இருக்கும். ரக்சா என்பது ரட்சிப்பது, சாட் என்பது சத்தியம். உண்மையைக் காப்பவர். ஆவணப்படக்காரருக்கு இப்படி ஒரு குடும்பப் பெயர் அமைவதெல்லாம் கொடுப்பினை.

1977ல் சியாங் ராய் மாகாணத்தின் தோங் வட்டாரத்தில் விவசாயக் குடும்பத்தில் பிறந்தார். பயாவும் சியாங் ராயும் ஒட்டிய மாகாணங்கள். பாங்காக் வந்து தம்மசாட் பல்கலைக்கழகத்தில் திரைப்படமும் புகைப்படமும் படித்தார். படித்த பிறகு பாங்காக்கிலேயே எடிட்டராகவும், படப்பிடிப்புக்குப் பிந்தைய வேலைகளை மேற்பார்ப்பவராகவும் இருந்தார். சில வருடங்களில் அதை விட்டுவிட்டு ஊருக்குத் திரும்பிப் போய் அங்கே படம் எடுக்க ஆரம்பித்தார்.

இந்த இடத்தில் ஒரு எடிட்டராகக் கொஞ்சம் நின்று பேச வேண்டியிருக்கிறது. நாங்கள் மற்றவர்கள் எடுத்ததை வெட்டிப் பிழைக்கிறவர்கள். எந்த ஷாட் எங்கே சாகிறது என்று நாள் முழுக்கப் பார்த்துக்கொண்டே இருப்போம். அப்படிப்பட்ட ஒருவர் கேமராவைக் கையில் எடுத்தால் ஒன்று நடக்கும்: வெட்டாமல் விடப் பயப்பட மாட்டார். உருபோங்கின் படங்களில் ஷாட்டுகள் நீளமாக இருப்பதற்குப் பொறுமைதான் காரணம் என்று பலர் நினைக்கலாம். எனக்கு அது தொழில் தெரிந்தவரின் துணிச்சலாகப் படுகிறது. இயக்கம், கேமரா, எடிட்டிங் மூன்றும் அவர் கையில்தான்.

முதல் நீளப் படம் 'வடக்கிலிருந்து கதைகள்'. 2006ல் வந்தது. ஒன்பது குறும்படங்களின் தொகுப்பு, எல்லாம் அவர் ஊரையும் சுற்றுவட்டாரத்தையும் பற்றியவை. அடுத்தது 2009ன் 'சவன் பான் நா'. சவன் என்பது நம் சொர்க்கம்தான், நா என்றால் வயல். இரண்டு மணி நேரப் படம். நெதர்லாந்தின் ராட்டர்டாம் விழாவோடு இணைந்த ஹ்யூபர்ட் பால்ஸ் நிதியின் உதவி பெற்றது, அதே விழாவில் திரையிடப்பட்டது. அந்த வருடம் ஆசிய பசிபிக் திரை விருதுகளில் யுனெஸ்கோ விருதும் அதற்குக் கிடைத்தது. பிறகு 2014ல் 'ப்ளெங் கோங் காவ்', அதாவது நெல்லின் பாடல்கள். ராட்டர்டாமில் சர்வதேச விமர்சகர் கூட்டமைப்பின் பரிசு வாங்கியது. இதன் தயாரிப்பில் இயக்குநர் பிம்பகா தொவீராவின் பங்கு உண்டு. தாய்லாந்தில் சுயாதீனப் படம் எடுக்கிற யாரைத் தொட்டாலும் இந்தப் பெயர் எங்கேயாவது வந்துவிடும்.

எந்த வரிசையில் பார்ப்பது

வந்த வரிசையில் பார்க்காதீர்கள். 2014 படத்தில் தொடங்குங்கள். 75 நிமிடம்தான், பேச்சு கிட்டத்தட்ட இல்லை, விளக்கக் குரல் அறவே இல்லை. அதில் ராக்கெட் திருவிழா ஒன்று வருகிறது. மழையைக் கேட்டு வானத்துக்கு வாணம் விடுகிற வடகிழக்கு வழக்கம் அது. நாம் பார்த்த வாணங்களைப் போல் நீளக் குச்சி கிடையாது. வண்டிச் சக்கரம் மாதிரி படுக்கை வாட்டில் கிடக்கிற ஒரு பெரிய வளையம். பற்ற வைத்ததும் தரையிலேயே சுழல ஆரம்பித்து, புகையைக் கக்கிக்கொண்டு, சுழன்றபடியே எழும்பி மேலே போகும். உள்ளூரில் இதைத் 'தலாய்' என்பார்கள். முதல் தடவை பார்த்தபோது நான் நாற்காலி நுனிக்கு வந்துவிட்டேன். இப்படி ஒரு காட்சியை ஒருவர் ஒன்றும் சொல்லாமல் காட்ட முடிகிறது என்று தெரிந்த பிறகு மற்ற இரண்டையும் பாருங்கள்.

என் மனதில் பட்டதையும் சொல்லிவிடுகிறேன். 2014 படம் கண்ணுக்கு விருந்து. ஆனால் பாட்டும் கூத்தும் பார்த்து முடித்து எழுந்திருக்கும்போது கடன் எங்கே போயிற்று என்று கேட்கத் தோன்றும். 2009 படத்தில் அந்தக் கேள்விக்கு இடமே இல்லை, படமே கடன்தான். சொந்த நிலம் கைவிட்டுப் போகும் நிலையில் இருக்கிற இரண்டு குடும்பங்கள் ஒரே வயலில் சேர்ந்து பாடுபட்டு ஒரு போகத்தைத் தாண்டப் பார்க்கிறார்கள். மேலே வானம் அவ்வளவு அழகாக இருக்கிறது, கீழே வயிறு காய்கிறது. அந்த அழகு சிலருக்கு உறுத்தலாம். எனக்கு உறுத்தவில்லை. வானம் அழகாக இருப்பது விவசாயியின் தப்பா?

எங்கே பார்ப்பது என்று கேட்பீர்கள். பாங்காக்குக்கு வெளியே சலாயாவில் தாய்லாந்துத் திரைப்படக் காப்பகம் இருக்கிறது, அங்கே திரையிடல்களைக் கவனித்துக்கொண்டே இருங்கள். மற்றபடி திரைப்பட விழாக்கள்தான். போனில் மட்டும் பார்க்காதீர்கள். தூரத்தில் வரப்பு மேல் நடந்து வருகிற ஆளைப் போன் திரையில் கொசு என்று நினைப்பீர்கள்.

ஆளைத் தேடாதீர்கள், வேலையைத் தேடுங்கள்

இனி வயலுக்குப் போவோம். ஆவணப்படம் என்றதும் சுவாரசியமான ஒரு ஆளைப் பிடித்து மைக் மாட்டி உட்கார வைக்கத்தான் கை போகும். அப்படிச் செய்தால் அவர் பேசிக்கொண்டே இருப்பார், வேலை பின்னால் மங்கலாக நடந்துகொண்டிருக்கும். உருபோங்கிடம் நான் எடுத்துக்கொண்ட முதல் பாடம் இதன் நேர் எதிர். வேலை முன்னால் வர வேண்டும். ஆள் எப்படிப்பட்டவர் என்பது வேலை செய்கிற விதத்தில் தெரிந்துவிடும்.

அதனால் கேமரா வாங்கும் முன்பு ஒரு நோட்டு வாங்குங்கள். வேலையின் காலண்டரை எழுதுங்கள். கையால் நடுகிற முறைக்கு மே எனக்குச் சொன்னது இது: ஜூனில் நாற்றங்கால், ஜூலை கடைசியில் இருந்து நடவு, செப்டம்பரில் களை, நவம்பரில் அறுப்பு. அவர் போடுவது 'கோ கோ 6' என்கிற பசையரிசி ரகம். வடக்கிலும் வடகிழக்கிலும் அதுதான் பெரும்பாலும் மூன்று வேளைச் சாப்பாடு. அது பகல் குறைய ஆரம்பித்த பிறகுதான் பூக்கும். முன்னால் நட்டாலும் பின்னால் நட்டாலும் ஏறக்குறைய ஒரே சமயத்தில் கதிர் வாங்கும். இது தெரிந்தால் அறுப்புக்கு எப்போது லீவு போட வேண்டும் என்று ஜூன் மாதமே தெரிந்துவிடும். வேலைக்குப் போகிறவர்களுக்கு இது சின்ன விஷயமில்லை. நான் அந்த போகத்தில் ஆறு தடவை இரவு பஸ் ஏறினேன். எந்த ஆறு என்று முடிவு செய்தது அந்த நோட்டுதான்.

ஏற்பாடு செய்யலாமா

நிறைய நேரம் யோசித்தது இதைத்தான்.

'சவன் பான் நா' படத்தில் வருகிற வயல் உருபோங் குத்தகைக்கு எடுத்தது. இரண்டு குடும்பங்களைச் சேர்த்து, ஒரு போகம் முழுக்க அங்கே பழைய முறைப்படி, எருமை பூட்டி உழுது, விவசாயம் செய்ய வைத்து அதை எடுத்தார். அங்கே எருமை ஏர் எப்போதோ போய்விட்டது. கையால் தள்ளிக்கொண்டு போகிற டீசல் உழுவை வந்து அதற்குப் பெயரே 'க்வாய் லெக்', இரும்பு எருமை, என்று ஆகிவிட்டது. பழைய முறை வேண்டுமென்றால் யாராவது செலவு செய்து அதை நடத்தித்தான் ஆக வேண்டும்.

அப்படியானால் அது ஆவணப்படமா, நாடகமா? நான் படித்த, கேட்ட வாதங்கள் எதிலும் எனக்குத் திருப்தி வரவில்லை. மேயின் வயலில் நின்றபோதுதான் கொஞ்சம் புரிந்தது.

மே இப்போது கையால் நடுவதில்லை. பலரைப் போல விதையை வீசிவிடுகிறார், கூலி மிச்சம். எனக்கோ நடவு வேண்டும். தயங்கித் தயங்கிக் கேட்டேன். ஓர் ஓரத்தில் அரை ராய் மட்டும் கையால் நட முடியுமா, மே? அவர் சிரித்தார். "யாருக்காக? நெல்லுக்கா, உன் பெட்டிக்கா?" என்றார். என் பெட்டிக்கு என்றேன். "அப்படியானால் கூலியை உன் பெட்டி கொடுக்கட்டும்."

அக்கம்பக்கத்தில் எட்டுப் பேருக்குச் சொல்லி அனுப்பினார். முன்பெல்லாம் ஊரே ஒரு வயலில் இறங்கிக் கூலி இல்லாமல் மாற்றி மாற்றி வேலை செய்து கொடுப்பார்கள். அதற்கு 'லொங் கேக்' என்று பெயர். கேக் என்றால் விருந்தாளி. தமிழில் எழுதினால் பிறந்தநாள் கேக் போலத் தெரிகிறது, மன்னித்துக்கொள்ளுங்கள். இதே சொல்லைத்தான் இந்தியர்களைக் குறிக்கவும் சொல்வார்கள். பாங்காக் சீலோம் சாலையில் இருக்கிற நம் மாரியம்மன் கோயில் அவர்களுக்கு 'வாட் கேக்'. ஆக, அன்றைக்கு வயலில் இறங்கிய கேக் நான் ஒருவன்தான். மற்ற எட்டுப் பேரும் நாளுக்கு 400 பாட் கூலிக்கு வந்தவர்கள். அதில் ஒருவர் என்னைக் காட்டி இந்தச் சிலேடையைச் சொல்ல, வயல் முழுக்கச் சிரிப்பு. அந்தச் சிரிப்பு மட்டும் படத்தில் பிரமாதமாக வந்திருக்கிறது.

நடவு தொடங்கிய அரை மணியில் எனக்குப் பதில் கிடைத்துவிட்டது. ஏற்பாடு செய்தது நான்தான். ஆனால் வெயிலை நான் ஏற்பாடு செய்யவில்லை. அட்டை கடித்ததை, இடுப்பு பிடித்துக்கொண்டு ஓர் அக்கா வரப்பில் உட்கார்ந்ததை, பதினோரு மணிக்கு மழை கொட்டியதை, நான் எதையும் சொல்லி நடக்கவில்லை. அரங்கம் என்னுடையது, வலி அவர்களுடையது. உருபோங்கின் படத்திலும் எனக்கு இதுதான் தெரிகிறது. குத்தகை அவர் போட்டது. அந்தக் குடும்பங்களின் கடனை அவர் எழுதவில்லை.

ஏற்பாடு செய்யப்போகிறவர்களுக்கு என் நிபந்தனைகள் மூன்று. ஏற்பாடு என்று எல்லோருக்கும் தெரிந்திருக்க வேண்டும். கூலியை உள்ளூர் விலைக்குக் குறையாமல், வேலை முடிந்த அன்றே கொடுங்கள், படம் விற்ற பிறகு தருகிறேன் என்று சொல்லாதீர்கள். விளைச்சல் குறைந்தால் யார் நஷ்டம் என்பதை முதலிலேயே பேசிவிடுங்கள். நான் மூன்றாவதைப் பேசவில்லை. அதன் கதை பின்னால் வருகிறது.

கேமரா

பெரிய கேமரா வேண்டாம். என்னுடையது ஏழு வருடப் பழசு. ட்ரைபாட் மட்டும் நல்லதாக வாங்குங்கள், அதன் கால்களுக்குக் கீழே வைக்க மூன்று பலகைத் துண்டுகளும். வரப்பு மண் ஊறியிருக்கும். அரை மணியில் ஒரு கால் மெல்ல இறங்க, அடிவானம் சாயும். எடுக்கும்போது கண்ணில் படாது. வீட்டுக்கு வந்து பெரிய திரையில் போட்டால் ஊரே கப்பல் மாதிரி ஒரு பக்கம் சாய்ந்துகொண்டிருக்கும்.

குனிந்து வேலை செய்கிறவர்களைத் தலை உயரத்தில் எடுத்தால் தொப்பிதான் கிடைக்கும். முழங்கால் உயரத்துக்கு இறக்குங்கள். பிறகு கைகளை மடியில் வைத்துக்கொள்ளுங்கள், இதுதான் கஷ்டமான பகுதி. யாரோ நடந்து ஃபிரேமை விட்டு வெளியே போகிறார், உடனே கேமராவைத் திருப்பப் பார்ப்பீர்கள். திருப்பாதீர்கள். அவர் போன பிறகு வயல் என்ன செய்கிறது என்று பாருங்கள். கொக்கு இறங்கும். காற்று ஒரு மூலையிலிருந்து மறு மூலைக்குப் போகும். ஆள் திரும்பி வருவார். நான் ஒரு கணக்கு வைத்திருந்தேன்: ஏதாவது ஒன்று ஃபிரேமுக்குள் வந்து, தன் வேலையை முடித்து, போன பிறகுதான் நிறுத்துவது. முதல் பயணத்தில் 140 ஷாட் எடுத்தவன் கடைசிப் பயணத்தில் 22 எடுத்தேன். படத்தில் இருப்பவை பெரும்பாலும் அந்த 22தான்.

லென்ஸ் பற்றி ஒரு வரி. ஏசி அறையில் வைத்திருந்த கேமராவை விடியற்காலையில் நேராக வயலுக்குக் கொண்டுபோனால் கண்ணாடி வியர்த்துவிடும், துடைக்கத் துடைக்க வியர்க்கும். இரவே திண்ணையில் வைத்துவிடுங்கள். நாய் ஜாக்கிரதை.

ஒலி

நான் பெரிதாகக் கோட்டை விட்டது இங்கேதான். நாற்றுப் பறிக்கிறவர்கள் ஒரு கைப்பிடி பறித்ததும் வேரைத் தங்கள் உள்ளங்காலில் ஓங்கி அடித்துச் சேற்றை உதறுவார்கள். ஒற்றைக் காலைக் கொஞ்சம் தூக்கி, சப், சப், சப் என்று மூன்று அடி. கட்டி முடித்து நுனியை ஒரே வெட்டாக வெட்டி ஒழுங்கு செய்வார்கள். நாற்றங்கால் முழுக்க ஆளுக்கொரு தாளத்தில் இந்தச் சத்தம். நேரில் கேட்டபோது உடம்பு சிலிர்த்தது. வீட்டில் போட்டுப் பார்த்தால் ஒன்றும் இல்லை. மைக் கேமராவின் தலையில் இருந்தது, கேமரா முப்பது மீட்டர் தள்ளி. பதிவானதெல்லாம் பக்கத்து வயலின் இரும்பு எருமை.

விளக்கக் குரல் இல்லாத படம் எடுக்க நினைத்தால் ஒலிதான் உங்கள் குரல், அதைத் தனியாக எடுக்க வேண்டும். சின்ன ரெக்கார்டர் ஒன்றைப் பிளாஸ்டிக் டப்பாவில் வைத்து, மைக்குக்கு ரோம உறை போட்டு, வேலை நடக்கிற இடத்துக்கு ஒரு கை தூரத்தில் வையுங்கள். ஒவ்வொரு நாளும் ஒன்றுமே நடக்காத ஐந்து நிமிடத்தையும் பதிவு செய்யுங்கள். ஜூனின் மௌனமும் நவம்பரின் மௌனமும் ஒன்றல்ல. முதலாவதில் தவளை, இரண்டாவதில் காய்ந்த தாள் உரசுகிற சத்தம். எடிட்டிங்கில் இந்த ஐந்து நிமிடம் தங்கம்.

மேடைப் பேச்சும் சட்டமும்

'சவன் பான் நா' படத்துக்குள் அரசியல் மேடைப் பேச்சு வந்து போகும். மஞ்சள் சட்டை, சிவப்புச் சட்டை என்று நாடு இரண்டாகக் கிடந்த காலம் அது. படம் யார் பக்கமும் விளக்கம் சொல்வதில்லை. மேடையில் வாக்குறுதி, வயலில் சேறு, இரண்டையும் அடுத்தடுத்து வைத்துவிட்டு நகர்ந்துவிடுகிறது. எங்கள் ஊரிலும் காலையில் ஊர்த் தலைவர் ஒலிபெருக்கியில் அறிவிப்புச் செய்வார். உரம், கூட்டம், யாருடைய வீட்டிலோ சாவு, எல்லாம் ஒரே தொனியில். மே நாற்றங்காலுக்குத் தண்ணீர் திருப்புகிற ஷாட்டின் மேல் அந்தக் குரலை அப்படியே விட்டுவிட்டேன். நான் ஒரு வார்த்தை எழுத வேண்டியிருக்கவில்லை.

ஆனால் தாய்லாந்தில் பொதுத் திரையிடல் என்றால் 2008ன் திரைப்படச் சட்டம் உண்டு. தணிக்கைக் குழு பார்த்துத் தரம் போடும். 'ஊக்குவிக்க வேண்டியது' என்பதில் தொடங்கித் தடை வரைக்கும் ஏழு வகை. நொன்தவாட் நம்பென்சபோல் என்கிற இன்னொரு ஆவணப்படக்காரர் கம்போடிய எல்லைத் தகராறைப் பற்றி எடுத்த படத்தை 2013 ஏப்ரலில் தடை செய்தார்கள். இரண்டு நாளில் தடையை விலக்கி, ஒரு சின்ன ஒலித்துண்டை நீக்கச் சொல்லி, 18 வயதுக்கு மேல் என்று தரம் போட்டுவிட்டார்கள். மன்னர் குடும்பம் சம்பந்தப்பட்ட எதுவும், சுவரில் மாட்டியிருக்கிற படம்கூட, ஃபிரேமுக்குள் எப்படி விழுகிறது என்று பார்த்துக்கொள்ளுங்கள். வெளிநாட்டுக்காரர் குழுவோடு வந்து எடுப்பதானால் முன்அனுமதி வேண்டும், உள்ளூர் ஒருங்கிணைப்பாளர் மூலமாகப் போங்கள். மாமியார் வயலில் தனியாக எடுக்கிற மாப்பிள்ளைக்கு இருக்கிற சலுகை எல்லோருக்கும் கிடைக்காது.

எடிட்டிங்

எடிட்டிங்கைப் பற்றி நான் நிறையச் சொல்வேன் என்று எதிர்பார்த்தால் ஏமாந்துபோவீர்கள். மாதங்களின் வரிசையை மாற்றாதீர்கள், அவ்வளவுதான். நெல்லுக்கு முன்கதை, பின்கதை உத்தியெல்லாம் கிடையாது. அப்புறம், இசை வைக்க வேண்டும் என்று தோன்றுகிற இடத்தில் ஷாட்டை இன்னும் பத்து நொடி நீட்டிப் பாருங்கள். பாதி இடங்களில் இசை தேவைப்படாது. மீதிப் பாதியில் அந்த ஷாட்டே தேவைப்படாது.

அறுப்பை நான் எடுக்கவில்லை என்பதையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். கதிரை அரிவாளால் அறுத்து, 'கு' என்கிற மாட்டு வண்டிச் சக்கரம் அகலத்துக்கு இருக்கிற மூங்கில் கூடைக்குள் அடித்து உதிர்ப்பார்கள் என்று எங்கேயோ பார்த்து மனதில் வைத்திருந்தேன். மே அறுவடை இயந்திரத்துக்குச் சொல்லியிருந்தார். அது ஒரு நாள் முன்னதாகவே வந்துவிட்டது. நான் பஸ்ஸிலிருந்து இறங்கிப் போனபோது தாள்தான் நின்றது. படத்தில் இருப்பது அந்தத் தாளும், அதில் மேய்கிற வாத்துகளும், முற்றத்தில் தார்ப்பாயில் காய்கிற நெல்லும்தான். அந்தக் கூடை வீட்டுப் பரணில் இருக்கிறது. ஒரு ஷாட் எடுத்தேன். உள்ளே பழைய போர்வைகள்.

முடித்ததும் முதலில் யாருக்குக் காட்டுவது? நண்பர்களுக்கல்ல, விழாக்காரர்களுக்கும் அல்ல. படத்தில் இருப்பவர்களுக்கு. ஜனவரியில் மேயின் வீட்டுச் சுவரில் வெள்ளைத் துணி கட்டிப் போட்டேன். நட்ட எட்டுப் பேரும் வந்திருந்தார்கள். சிலேடைக்கு மறுபடி சிரித்தார்கள். இடுப்பு பிடித்த அக்கா தன்னைப் பார்த்துத் தானே உச்சுக் கொட்டினார்.

அப்புறம் எனக்குப் பிடித்த ஷாட் வந்தது. ஆகஸ்ட் மாத மழை நின்ற சாயங்காலம், வயலில் நிறைந்த தண்ணீரில் வானம், ஓரத்தில் கையால் நட்ட அந்த அரை ராய். நாலே கால் நிமிடம், வெட்டே இல்லை. மூன்றாவது நிமிடத்தில் மே எழுந்து துணிக்குப் பக்கத்தில் போனார். வலது கீழ் மூலையில், வரப்பு ஃபிரேமுக்கு வெளியே போகிற இடத்தில் விரல் வைத்தார்.

"இங்கே தண்ணீர் போகிறது பார். நண்டு வளை."

பார்த்தேன். வரப்பில் ஒரு விரல் அகலத்துக்குத் தண்ணீர் சின்னதாக நெளிந்து வெளியே ஓடிக்கொண்டிருந்தது. எடிட்டிங் அறையில் நூறு தடவைக்கு மேல் இந்த ஷாட்டைப் பார்த்திருக்கிறேன்.

"இந்த மூலையில் நெல் ஏன் பதராகப் போனது என்று இப்போதுதான் தெரிகிறது. நாலு நிமிடம் அங்கேயே உட்கார்ந்திருந்தாய், ஒரு வார்த்தை சொல்லக் கூடாதா? வளை அடைத்திருப்பேன். நண்டைப் பிடித்து இடித்து ஒரு ஜாடி நாம் பூ காய்ச்சியிருப்பேன்."

நாம் பூ என்பது வயல் நண்டை இடித்துச் சாறு பிழிந்து, கறுப்பாகக் குழம்பும் வரை காய்ச்சுகிற வடக்கத்திச் சாந்து. வீடே நாறும், சோற்றுக்கு அமிர்தம். அந்த மூலையின் நஷ்டத்துக்கு 600 பாட் கொடுத்தேன். ஜாடிக்குத் தனியாக 100 வாங்கிக்கொண்டார்.